சைக்காலஜி பேப்பரை மனப்பாடம் பண்ணாதேம்மா

பி.எட். முதல் வருஷம், கணக்கு மேஜர், மற்றதெல்லாம் சமாளித்துவிடுகிறேன், சைக்காலஜி மட்டும் மண்டையில் ஏறவில்லை, யார் எந்தக் கோட்பாட்டைச் சொன்னார் என்றே குழம்புகிறது, இதனால் வகுப்பில் என்ன பிரயோஜனம் என்று கேட்டிருக்கிறாய். டெட் என்கிற ஆசிரியர் தகுதித் தேர்வின் இரண்டாம் தாளில் 150க்கு 30 மதிப்பெண் இந்தப் பகுதிக்குத்தான், அதனால் ஒதுக்க முடியாது. ஆனால் நான் சொல்ல வருவது மார்க்கைப் பற்றி இல்லை.

ஆறாம் வகுப்புப் பிள்ளையிடம் 1/3 பெரிதா, 1/4 பெரிதா என்று கேட்டுப் பார். 1/4 என்று சொல்லும் பிள்ளைகள் உண்டு, 3ஐ விட 4 பெரிது என்பதால். கவனக்குறைவு இல்லைம்மா, முழு எண்ணில் கற்ற விதியைப் பிள்ளை இங்கேயும் கொண்டுவருகிறது. குழந்தைகளின் சிந்தனை வளர்ச்சியை ஆராய்ந்த பியாஜே சொன்ன அசிமிலேஷன் இதுதான். ஒரே அளவில் இரண்டு காகிதப் பட்டை கொடு, ஒன்றை மூன்றாகவும் இன்னொன்றை நான்காகவும் மடிக்கச் சொல், ஒவ்வொன்றிலிருந்தும் ஒரு துண்டைப் பக்கத்தில் வைத்துப் பார்த்ததும் பழைய விதி உதைக்கும். அதைத் திருத்திக்கொள்வது அக்காமடேஷன். தனியாகத் திணறுகிற பிள்ளை, நீ பக்கத்தில் உட்கார்ந்து ‘நிறையப் பேருக்குப் பங்கு போட்டால் ஒருத்தருக்குக் கிடைப்பது கூடுமா குறையுமா’ என்று கேட்டால் சொல்லிவிடும், தனியாக முடிவதற்கும் உதவியோடு முடிவதற்கும் உள்ள அந்த இடைவெளியைத்தான் உளவியலாளர் வைகாட்ஸ்கி அண்மை வளர்ச்சி மண்டலம் என்றார். சரியாகச் செய்யும்போது பாராட்டியோ பரிசு தந்தோ பழக்கமாக்குகிற ஸ்கின்னரின் வலுவூட்டலும் வேண்டாம் என்றில்லை, வாய்ப்பாட்டுக்கு அது நன்றாகவே உதவும், ஆனால் பின்னத்தில் வெறும் பயிற்சியும் பாராட்டும் விடையை மாற்றுமே தவிர, பிள்ளையின் எண்ணத்தையும் மாற்றிவிடும் என்று சொல்ல முடியாது.

ஒரே தவறு, அதை எப்படிப் புரிந்துகொள்கிறாயோ அதற்கேற்ப உன் அடுத்த பத்து நிமிஷப் பாடம் மாறுகிறது. கோட்பாடு எதற்கு என்று கேட்டாயே, இதற்குத்தான்.

அப்புறம், கண்ணால் கற்பவர், காதால் கற்பவர் என்று பிள்ளைகளைப் பிரிப்பதை இன்னும் பல இடங்களில் சொல்லித் தருகிறார்கள். 2008இல் பாஷ்லர் என்ற உளவியல் ஆய்வாளரும் மற்றவர்களும் ஆய்வுகளை அலசிப் பார்த்து, அப்படிப் பிரித்துப் பாடம் நடத்த போதிய ஆதாரம் இல்லை என்றார்கள். தேர்வில் கேட்டால் எழுது, வகுப்பில் நம்பி இறங்காதே.

நீ படிக்கும் முறைக்கும் ஒன்று. 2006இல் ரோடிகர், கார்பிக் என்ற உளவியல் ஆய்வாளர்கள் இருவரும் கல்லூரி மாணவர்களிடம் சோதித்தபோது, திரும்பத் திரும்ப வாசித்தவர்களை விட, மூடிவைத்து நினைவிலிருந்து எழுதிப் பார்த்தவர்களுக்கே ஒரு வாரம் கழித்து அதிகம் நினைவிருந்தது. அதனால் நோட்ஸில் கோடு போடுவதை விட்டுவிட்டு, டீச்சிங் பிராக்டிஸ் போகும்போது பிள்ளைகளின் கணக்கு நோட்டில் வரும் தவறுகளைக் குறித்து வை, ராத்திரி புத்தகத்தைத் திறக்காமல் ஒவ்வொரு தவறுக்கும் பியாஜே என்ன சொல்வார், வைகாட்ஸ்கி என்ன செய்வார் என்று நாலு வரி எழுதிப் பார், அதற்கப்புறம் புத்தகத்தோடு ஒப்பிடு. ஒரு மாதம் செய்துவிட்டு டெட் பழைய வினாத்தாளை எடு, எங்கே இடிக்கிறது என்று எழுது, அங்கிருந்து பார்ப்போம்.