கேப்டன் அமெரிக்கா: எந்தப் படத்தில் தொடங்கலாம்?

திருமங்கலத்து அண்ணே, சித்திரைத் திருவிழா லீவுக்கு வரும் மருமகனோடு கேப்டன் அமெரிக்கா படங்களைக் கதை நடக்கும் வரிசையில் பார்க்கணும், நடுவில் ‘கேப்டன் மார்வெல்’ எங்கே வரும் என்று கேட்டிருந்தீர்கள். கேப்டன் அமெரிக்காவான ஸ்டீவ் ரோஜர்ஸுக்கு, படம் வெளியான வரிசையே கதை வரிசைதான். 2011இல் வந்த ‘தி ஃபர்ஸ்ட் அவெஞ்சர்’ இரண்டாம் உலகப்போர்க் காலத்துக் கதை. அதில் வரும் ரயில் சண்டையின்போது பையனை முறுக்கு எடுக்க எழுந்து போக விடாதீர்கள்; ‘வின்டர் சோல்ஜர்’ படத்துக்கே அதுதான் அஸ்திவாரம்.

அடுத்து ‘தி அவெஞ்சர்ஸ்’, அதன்பின் ‘வின்டர் சோல்ஜர்’. அப்புறம் ‘ஏஜ் ஆஃப் அல்ட்ரான்’, ‘சிவில் வார்’, ‘இன்ஃபினிட்டி வார்’, ‘எண்ட்கேம்’.

‘கேப்டன் மார்வெல்’ 1995இல் நடக்கிற கதை என்று முதலிலேயே போட்டுவிடாதீர்கள். முடிவில் பெயர்கள் ஓடும்போது வரும் காட்சி ‘இன்ஃபினிட்டி வார்’ முடிவைப் போட்டு உடைத்துவிடும். ‘எண்ட்கேம்’ படத்துக்கு முன்னால் வையுங்கள், சரியாக இருக்கும். ‘எண்ட்கேம்’ மூன்று மணி நேரம் ஓடும்; எதிர்சேவை அன்றைக்கு மட்டும் வேண்டாம்.