பாலம் இல்லாத பாலப் போர்

கேள்வி: 'பிரேவ்ஹார்ட்' படம் பார்த்ததிலிருந்து, பத்தாவது படிக்கும் என் மகன் அதில் வரும் சண்டையெல்லாம் அப்படியே நடந்தது என்று சாதிக்கிறான். சினிமாவில் காட்டும் போரை எவ்வளவு தூரம் நம்பலாம்? - ஒரு வாசகி, காட்பாடி

பதில்: உடை, வசனத்தில் தப்பு இருந்தால்கூடப் போகட்டும் என்று விடலாம், அம்மா. ஏன் ஜெயித்தார்கள், ஏன் தோற்றார்கள் என்பதையே மாற்றிவிடுகிறார்களே, அதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை. அந்தப் படத்தில் வரும் 1297-ம் ஆண்டுப் போருக்குப் பெயரே ஸ்டெர்லிங் பாலப் போர். குறுகலான பாலம், இங்கிலாந்துப் படை கொஞ்சம் கொஞ்சமாகத்தான் கடக்க முடியும், ஒரு பகுதி இந்தப் பக்கம் வந்து சேரும்வரை பொறுத்திருந்து ஸ்காட்லாந்துக்காரர்கள் பாய்ந்தார்கள், பெரிய படை சிதறியது அதனால்தான். படத்தில் பாலமே கிடையாது! வெட்டவெளியில் மோதுகிறார்கள். படத்தின் நாயகனான ஸ்காட்லாந்து வீரர் வாலஸோடு சேர்ந்து படை நடத்திய ஆண்ட்ரூ மோரேயும் இல்லை. பொறுமையாகக் காத்திருந்த புத்திசாலித்தனம் போய், ஒரே ஆளின் வீரம் மட்டும் மிஞ்சுகிறது.

நம்ம வேலூரையே எடுத்துக்கொள்ளுங்கள். 1806 ஜூலை 10 அன்று கோட்டைச் சிப்பாய்கள் எழுந்தது விடிவதற்கு முன்னால், இருட்டில். தூங்கிக்கொண்டிருந்த வெள்ளைக்காரப் படையினரைப் படுக்கையிலேயே சுட்டார்கள், ஆஸ்பத்திரியில் கிடந்த நோயாளிகளையும் விடவில்லை. நெற்றியில் நாமம், விபூதி கூடாது, தாடி கூடாது, தோல் இலச்சினை வைத்த புதுத் தலைப்பாகைதான் கட்ட வேண்டும் என்ற உத்தரவுகளில் கொதித்துப்போயிருந்த சாதாரண ஆட்கள் அவர்கள். ஆற்காட்டிலிருந்து பிரிட்டிஷ் அதிகாரி கில்லஸ்பி குதிரைப்படையோடு வந்து சில மணி நேரத்தில் கோட்டையைத் திரும்பப் பிடித்தார், அப்புறம் அரண்மனைக்குள் ஒளிந்திருந்த சிப்பாய்களை வெளியே இழுத்துவந்து சுவரோரம் நிறுத்திச் சுட்டார்கள். இதைப் பட்டப்பகலில் கத்திச்சண்டையாக, ஒரே கதாநாயகன் நூறு பேரைச் சாய்ப்பதாகக் காட்டினால், அந்தச் சுவரோரம் பேர் தெரியாமல் செத்தவர்கள் இன்னொரு முறை காணாமல் போகிறார்கள். சிப்பாய்கள் செய்த கொடுமையை மறைத்தாலும் தப்புதான். அவர்கள் எந்த அளவுக்குக் கொதித்திருந்தார்கள் என்பது அதில்தான் தெரிகிறது.

சரி, பையனுக்கு எப்படிப் புரியவைப்பது? ஒரு ஞாயிற்றுக்கிழமை கோட்டைக்குக் கூட்டிப்போங்கள், காட்பாடியிலிருந்து பக்கம்தானே. அகழியையும் மதிலையும் நன்றாகப் பார்க்கட்டும். கதவு சாத்தியிருக்கும்போது வெளியே வந்து நின்ற குதிரைப்படை எப்படி உள்ளே போயிருக்கும் என்று அவனையே கேளுங்கள். பீரங்கி வைத்துக் கதவைத் தகர்த்தார்கள் என்பதை அவன் யோசித்து முடித்த பிறகு சொன்னால் போதும்.