ஜப்பானின் 'ரோமன் போர்னோ' எனும் பாலியல் படங்களில் நடித்த பெண்களுக்குப் பிற்பாடு வேறு வேடங்கள் கிடைத்தனவா?

சிலருக்குக் கிடைத்தன. கசுகோ ஷிரகாவாவைப் பாருங்கள். சிறு கம்பெனிகள் குறைந்த செலவில் எடுத்த 'பிங்க்' எனும் பாலியல் படங்களில் ஏற்கெனவே பேர் வாங்கியிருந்தவர். டிவி வந்து தியேட்டர் கூட்டம் குறைய, நிக்காட்சு என்ற பழம்பெரும் ஸ்டூடியோ திவாலாகும் நிலைக்குப் போனது. பிழைக்க வழி தேடி 1971 நவம்பரில் ரோமன் போர்னோ வரிசையைத் தொடங்கியது. முதல் படங்களில் ஒன்றின் நாயகி இவர்தான். அலுத்துப்போன குடும்பத் தலைவி வேடம். படம் பிய்த்துக்கொண்டு ஓடியது. ஸ்டூடியோவைக் காப்பாற்றியவர் என்றே அவரைச் சொல்லலாம், மிகையில்லை.

1973இல் கல்யாணம், ஓய்வு. பிறகு திரும்பி வந்து டிவியிலும் பொதுவான படங்களிலும் குணச்சித்திர நடிகையாக நிலைத்தார். ரோமன் போர்னோவின் இன்னொரு நட்சத்திரமான நவோமி தானி வேறு மாதிரி: 1979இல், புகழின் உச்சியிலேயே விலகிக்கொண்டார்.