வேலிக்கு முளைத்த வாய்

கேள்வி: 1930-களில் அமெரிக்காவின் சின்சினாட்டி நகரத்து ஏஎம் வானொலியான டபிள்யூஎல்டபிள்யூ, வேலிக் கம்பியில்கூடக் கேட்டதாமே? அவ்வளவு பவர் எதற்கு? (வாசகர், தென்காசி)

பதில்: சுவருக்குக் காது உண்டு, தெரியும். வேலிக்கு வாய் முளைத்தது சின்சினாட்டி இருக்கிற ஓஹையோ மாநிலத்தில்தான். கம்பி வேலி, கூரைத் தகரம், இரும்புக் கட்டில் எல்லாம் பாடியதாகக் கதைகள் உண்டு. நான் நம்புகிற கட்சி. ஏஎம்மில் பாட்டு, அலையின் பலம் கூடிக் குறைவதில்தான் இருக்கிறது. அந்த அலையிலிருந்து பாட்டைப் பிரிக்கப் பெரிய புத்தி வேண்டாம். மின்சாரத்தை ஒரு பக்கமாக மட்டும் விடுகிற எதுவும் போதும். துருப்பிடித்த இணைப்பே அதைச் செய்துவிடும். பக்கத்தில் அதிர ஒரு தகரம் இருந்தால் கச்சேரி ரெடி. எஃப்எம்மில் பலம் மாறாது, அலையின் அதிர்வெண்தான் மாறும்; அதனால் எஃப்எம்மை வேலி இப்படிப் பாடாது. அந்த அறிவிப்பாளர்கள் எதற்குச் சிரிக்கிறார்கள் என்று எனக்கே புரிவதில்லை, வேலி பாவம்.

சரி, பவருக்கு வருவோம். முதலாளி பவல் கிராஸ்லி 1921-ல் மகனுக்கு ரேடியோ வாங்கக் கடைக்குப் போனார். நூறு டாலருக்கு மேல் சொன்னார்கள். மனுஷர் தானே மலிவு ரேடியோ செய்து விற்க ஆரம்பித்துவிட்டார். மலிவுப் பெட்டிக்குக் காது மந்தம். பெட்டியைத் திருத்தினால் விலை ஏறும். எனவே நிலையத்தைக் கத்த வைத்தார். மாப்பிள்ளைக்குக் காது கேட்காது என்று ஊரையே உரக்கப் பேசச் சொன்ன மாமனார் மாதிரி. 1922-ல் 50 வாட்டில் தொடங்கியது, 1934 மே மாதம் 5 லட்சம் வாட்! வெள்ளை மாளிகையில் இருந்தபடியே அதிபர் ரூஸ்வெல்ட் தொடங்கி வைத்தார். சின்ன நிலையங்களின் வயிற்றெரிச்சல், 50 ஆயிரம் வாட்டுக்கு மேல் வேண்டாம் என்று 1938-ல் செனட் தீர்மானம் என்று போய், 1939 மார்ச்சில் 50 ஆயிரம் வாட்டுக்கு இறக்கினார்கள். இன்றும் அதேதான்.

எனக்குப் பிடித்த இடம் நடுவில் இருக்கிறது. டொரொன்டோ நிலையம் ஒன்று தன் குரல் அமுங்குவதாகப் புகார் செய்தது. இரவில் பவரைக் குறைக்கச் சொல்லி உத்தரவு. கனடா பக்கம் அலை குறைவாகப் போகும்படி கூடுதல் கோபுரங்கள் கட்டிய பிறகுதான் ராத்திரியிலும் முழுக் குரல் கிடைத்தது.

இதே பக்கத்தில் எங்கள் தெரு ஆடித் திருவிழா மைக் செட்டைப் பற்றி நானும் புகார் எழுதினேன், ஞாபகம் இருக்கலாம். மைக் செட்காரர் படித்திருக்கிறார். இந்த வருஷம் ஒரு குழாயை என் ஜன்னலைப் பார்த்துக் கட்டியிருக்கிறார்.