அப்பா கடனுக்காக சொத்தை வித்துட்டாங்க, என் பங்கு என்னாகும்?

ஒரு சகோதரி கேட்டிருக்காங்க: அப்பா இறந்து ரெண்டு வருஷமாச்சு, உயில் இல்ல, அம்மா, அண்ணன், நான் மூணு பேர்தான் வாரிசு, கடனை அடைக்கணும்னு அப்பா சுயமா வாங்கின நிலத்தை என் கையெழுத்தே இல்லாம அண்ணன் வித்துட்டார், இப்ப புரோநோட்டுல கடன் கொடுத்த இன்னொருத்தர் வீட்டையும் ஏலத்துக்கு கொண்டு வர்றதா கோர்ட் நோட்டீஸ் வந்திருக்கு, என் நகை வரைக்கும் பிடுங்கிடுவாங்களா?

நகையை யாரும் தொட முடியாதுங்க, முதல்ல அந்த பயத்தை விடுங்க. சிவில் நடைமுறைச் சட்டம் 50வது பிரிவுப்படி அப்பா சொத்து எவ்வளவு உங்க கைக்கு வந்துச்சோ அவ்வளவுக்குத்தான் நீங்க பொறுப்பு. ஜாமீன் கையெழுத்து போட்டிருந்தாலோ, அப்பா சொத்தை வித்த காசுக்கு கணக்கு காட்ட முடியலன்னாலோதான் சொந்தக் காசுக்கு வம்பு வரும். ஆனா கடன் போகத்தான் பங்கு, சொத்து எனக்கு கடன் அண்ணனுக்குன்னு சொல்ல வழியே இல்ல.

நிலத்துக்கு வருவோம். இந்து வாரிசுரிமைச் சட்டப்படி மூணு பேருக்கும் சம பங்கு, அண்ணன் தன்னோட மூணுல ஒண்ணைத்தான் விக்க முடியும், உங்க பங்கை வித்தது உங்களை கட்டுப்படுத்தாது, பட்டா மாறியிருந்தாலும் சரி. சார்பதிவாளர் ஆபீஸ்ல வில்லங்கமும் கிரயப் பத்திர நகலும் போட்டு வாங்கி வரி வரியா படிங்க, "நானே ஏக வாரிசு"ன்னு எழுதியிருந்தா அந்த ஒரு வரியே உங்க பாகப்பிரிவினை கேஸுக்கு பெரிய பலம். அண்ணன் நிஜமாவே கடன் அடைச்சிருந்தா அதை கழிக்க சொல்லி கேப்பார், அது நியாயம்தான், ரசீதை காட்டட்டும். 18 லட்சத்துக்கு வித்து 6 லட்சம் கடன் அடைச்சிருந்தா மீதி 12ல உங்களுக்கு 4 லட்சம் வரணும், இந்த கணக்கைத்தான் முக்கால்வாசி வீட்ல யாரும் கேக்கறதே இல்ல, எனக்கு அதுதான் மனசு கஷ்டமா இருக்கும்.

வீட்டு விஷயம்தான் அவசரம். டிகிரி, அதாவது கடனைக் கட்டச் சொல்லி கோர்ட் போட்ட தீர்ப்பாணை, எப்ப ஆச்சுன்னு பாருங்க, அப்பா இறந்தப்புறம் உங்களுக்கு சம்மனே வராம எக்ஸ்பார்ட்டியா, அதாவது உங்க தரப்பை கேக்காமலே ஆயிருந்தா தெரிஞ்ச 30 நாளுக்குள்ள ரத்து பண்ண மனு போடலாம், கேஸ் திரும்ப நடந்தா புரோநோட்டு தேதியையும் பின்பக்கத்தையும் பாக்கணும், ஏன்னா 3 வருஷத்துக்குள்ள கேஸ் போட்டிருக்கணும், இல்லாட்டி அதுக்குள்ள கொஞ்சம் பணம் கட்டினதா பின்பக்கத்துல வரவு வச்சு அப்பா கையெழுத்து இருக்கணும். அப்பா உயிரோட இருந்தப்பவே டிகிரி ஆயிருச்சுன்னா கடனைப் பத்தி பேச முடியாது, ஏலத்தைப் பத்தி பேசலாம். கடனுக்கு எவ்வளவு தேவையோ அவ்வளவு பாகத்தை மட்டும் வித்தா போதும்னு அதே சிவில் நடைமுறைச் சட்டத்தோட ஆர்டர் 21 ரூல் 64 சொல்லுது, சின்ன கடனுக்கு மொத்த வீட்டையும் ஏலம் விட்டா உடனே ஆட்சேபணை போடுங்க. ஏலம் முடிஞ்சிருந்தாலும் 60 நாளுக்குள்ள ஏல அறிவிப்புல சொன்ன பாக்கியையும், ஏலம் எடுத்தவருக்கு ஏலத்தொகைல 5 சதவீதத்தையும் கோர்ட்ல கட்டினா ஏலம் ரத்தாகும், கடன் போக மிஞ்சின பணம் வாரிசுகளுக்குத்தான்.

பேங்க்ல அடமானம் வச்ச சொத்துன்னா ரூட்டே வேற, சர்ஃபேசி சட்டத்துல, அதாவது அடமான சொத்தை கோர்ட்டுக்கு போகாமலே பேங்க் எடுத்து விக்க வழி தர்ற சட்டத்துல, பேங்க் நடவடிக்கை எடுத்த 45 நாளுக்குள்ள கடன் மீட்பு தீர்ப்பாயத்துக்கு போகணும்.

இன்னொண்ணு, நிலம் வாங்கினவர் இப்ப "ஒரு விடுதலைப் பத்திரம் மட்டும் போட்டுக் கொடுங்கம்மா"ன்னு வருவார், அது உங்க பங்கை விட்டுக் கொடுக்கற பத்திரம். அண்ணன் கணக்கை எழுதி காட்டி உங்க பங்கு பணம் பேங்க் வழியா வர்ற வரைக்கும் கையெழுத்து போடாதீங்க.