வாசகர் கேள்வி – பதில்: கறுப்புக் கண்ணாடி அணிந்த போலந்து நடிகர்

கேள்வி: 'சாம்பலும் வைரமும்' என்ற போலந்துப் படத்தைத் திரைப்படச் சங்கத் திரையிடலில் பார்த்தேன். 1945-இல் நடக்கும் கதையில் நாயகன் மட்டும் பிற்காலத்து இளைஞனைப் போல உடுத்தியிருக்கிறார். ஏன்? அந்த நடிகர் யார்? (கும்பகோணம் வாசகர்)

பதில்: அவர் ஸ்பிக்னியெவ் சிபுல்ஸ்கி. 1927-இல் பிறந்தவர். கிராக்கோவ் நாடகப் பள்ளியில் 1953-இல் படிப்பை முடித்துவிட்டு, பால்டிக் கடலோரத்து க்தான்ஸ்க் நகரின் நாடக அரங்கில் நடிகராகச் சேர்ந்தார். ஆந்த்ரே வாய்தா 1958-இல் இப்படத்தை எடுத்தபோது, சிபுல்ஸ்கியை அவரிடம் பரிந்துரைத்தவர் உதவி இயக்குநர் யானுஷ் மொர்கென்ஸ்டெர்ன். போர்க்காலத்துக்குரிய உடையை அணிய மறுத்த சிபுல்ஸ்கி, தாம் அன்றாடம் உடுத்தும் உடையிலேயே நடிக்க விரும்பினார், வாய்தாவும் இசைந்தார். கறுப்புக் கண்ணாடியும் அவருடைய வழக்கமான அணிகலனே, ஏனெனில் அவருக்குப் பார்வைக் குறை இருந்தது. ஆயினும் கதை அதற்கொரு காரணத்தைக் கற்பித்துக்கொண்டது: ஜெர்மானிய ஆக்கிரமிப்பை எதிர்த்து 1944-இல் நடந்த வார்சா எழுச்சியின்போது பாதாளச் சாக்கடைகளில் நெடுநேரம் இருந்ததால் நாயகன் மாச்செக்கின் கண்கள் வெளிச்சத்தைத் தாங்குவதில்லை. காலப் பொருத்தம் கெட்டது உண்மைதான். ஆனால் அரங்கில் அமர்ந்திருந்த 1958-ஆம் ஆண்டு இளைஞர்கள் தங்களுள் ஒருவனையே திரையில் கண்டார்கள் என்பதால், அந்தப் பிழையை நான் படத்தின் பேறாகவே கருதுகிறேன்.

கேள்வி: அவரைப் 'போலந்தின் ஜேம்ஸ் டீன்' என்று அழைப்பது பொருத்தமானதா? (மதுரை வாசகி)

பதில்: ஜேம்ஸ் டீன் இளம் வயதிலேயே இறந்த அமெரிக்க நடிகர். இருவருக்கும் பொதுவான இளமை, அமைதியின்மை, அகால மரணம் ஆகியவற்றைக் கொண்டு அப்படி அழைக்கிறார்கள். அந்தப் பட்டம் அவருடைய நாடக வாழ்வை மறைத்துவிடுகிறது என்பதே என் வருத்தம். 1954-இல் அவரும் நண்பர் போகுமில் கோபியேலாவும் க்தான்ஸ்கில் 'பிம்-போம்' என்ற மாணவர் நாடகக் குழுவைத் தொடங்கினார்கள். வசனம் மிகக் குறைவு. உடலசைவும் இசையும் குறியீடுகளுமே அங்கு மொழி. சொல்லால் அன்றி உடலால் ஒரு மனநிலையை உணர்த்தும் திறமை அவரிடம் வளர்ந்ததில் அந்த மேடைக்குப் பெரும் பங்கு உண்டு என்று நம்புகிறேன். 'சாம்பலும் வைரமும்' படத்தில் மதுக்கோப்பைகளில் வரிசையாகத் தீ மூட்டி இறந்த தோழர்களை நினைவுகூரும் காட்சியைப் பாருங்கள். தான் சுட்ட முதியவர் தன் மார்பிலேயே சாய, வானில் வெற்றி வாணங்கள் வெடிக்கும்போது, அவரைத் தாங்கிக்கொண்டு சிபுல்ஸ்கி திகைத்து நிற்பதையும் பாருங்கள். இவை மேடையில் பழகிய உடலின் நடிப்பு. இதே கோபியேலாவும் அப்படத்தில் நடித்திருக்கிறார்.

கேள்வி: அவர் ரயில் விபத்தில் இறந்தார் என்பது உண்மையா? வேறு எந்தப் படங்களில் அவரைக் காணலாம்? (சேலம் வாசகர்)

பதில்: உண்மை. 1967 ஜனவரி 8 அன்று விரோத்ஸ்வாவ் ரயில் நிலையத்தில், நகரத் தொடங்கிவிட்ட ரயிலில் தாவி ஏற முயன்று தவறி விழுந்து இறந்தார். வயது 39. யெர்ஜி கவலெரோவிச் 1959-இல் இயக்கிய 'ரயில்' படத்தில் ஓடும் ரயிலில் தொற்றிக்கொள்ளும் பாத்திரத்தில் அவர் நடித்திருந்ததால், அப்படத்தை இன்று மனம் பதறாமல் பார்க்க என்னால் இயலவில்லை.

பார்க்க வேண்டியவற்றுள் முதலாவதாக, வொய்சியெக் ஹாஸின் 'சரகோசா கையெழுத்துப் பிரதி'யைச் சொல்வேன். கதைக்குள் கதையாக விரியும் அந்த 1965-ஆம் ஆண்டுப் படத்தில், கறுப்புக் கண்ணாடியின்றி, வியப்பும் வெகுளித்தனமும் நிறைந்த இளம் அதிகாரியாக முற்றிலும் வேறொரு மனிதராக வருகிறார். அதே ஆண்டில் ததேயுஷ் கொன்விட்ஸ்கி இயக்கிய 'சால்ட்டோ'வில், தான் யார் என்பதையே மாற்றி மாற்றிச் சொல்லும் அந்நியராக நடித்தார். அவர் இறந்தபின், வாய்தா 1969-இல் 'எல்லாம் விற்பனைக்கு' என்ற படத்தை எடுத்தார். படப்பிடிப்புக்கு வராத ஒரு நடிகரைத் தேடுகிறார்கள். அவர் ரயிலில் அடிபட்டு இறந்த செய்திதான் வந்துசேர்கிறது. அந்த நடிகரின் முகம் படத்தில் ஒருமுறையும் காட்டப்படுவதில்லை.