பகவனின் எதுகையும் பாப்பாவின் இயைபும்

கேள்வி: வரியின் முடிவில் ஒரே ஓசை திரும்பத் திரும்ப வரும் திரைப்பாடலைக் கேட்டால் 'எதுகை அருமை' என்று பலரும் பாராட்டுகிறார்கள். எதுகை என்பது இரண்டாம் எழுத்தைப் பற்றியது என்றல்லவா பள்ளியில் படித்தோம்? எது சரி?
– வாசகி ஒருவர், தஞ்சாவூர்

பதில்: நீங்கள் படித்ததே சரி. அடியின் இறுதி ஒன்றி வருவதற்கு இயைபு என்று பெயர். 'இறுவாய் ஒன்றல் இயைபின் யாப்பே' என்பது தொல்காப்பியம். ஆங்கிலத்து 'ரைம்' எல்லாவற்றையும் எதுகை என்றே சொல்லிப் பழகியதால் வந்த குழப்பம் இது.

முதற் குறளையே எடுத்துக்கொள்ளுங்கள். 'அகர முதல எழுத்தெல்லாம் ஆதி' என்னும் அடியும் 'பகவன் முதற்றே உலகு' என்னும் அடியும் இரண்டாம் எழுத்தாகிய ககரத்தால் எதுகை பெறுகின்றன. முதலடிக்குள்ளேயே முதற்சீரான 'அகர' என்பதும் நான்காம் சீரான 'ஆதி' என்பதும், அகரமும் ஆகாரமும் ஓரினம் என்பதால், முதலெழுத்து ஒன்றும் மோனையாகின்றன. முதற்சீரும் நான்காம் சீரும் இவ்வாறு ஒன்றுவது ஒரூஉ மோனை. 'ஆதி', 'உலகு' என்ற இறுதிச் சொற்களுக்கிடையே மட்டும் ஓசை உறவு எதுவும் இல்லை; அதனால் குறளுக்குக் குறையும் இல்லை.

தமிழில் வினைமுற்று பெரும்பாலும் தொடரின் கடைசியில் நிற்பதால் வந்தான், சென்றான், நின்றான் என இறுதி ஓசை தானாகவே வந்து விழுந்துவிடும். வலிய வந்து விழுவதில் புலவனுக்கு என்ன வேலை? நம் மரபுச் செய்யுள் அடியின் தலையில் தொடை (எதுகை, மோனை போன்ற ஓசைக் கட்டு) கட்டுவதற்கு இதுவும் ஒரு காரணம் என்பது என் எண்ணம்.

இசைப்பாட்டில் கதை வேறு. பாரதியாரின் 'ஓடி விளையாடு பாப்பா – நீ ஓய்ந்திருக்க லாகாது பாப்பா. கூடி விளையாடு பாப்பா – ஒரு குழந்தையை வையாதே பாப்பா' என்பதில் ஓடி, கூடி எதுகை. ஓடி, ஓய்ந்து மோனை. கூடி, குழந்தை மோனை. நான்கு முறை வரும் 'பாப்பா' இயைபு. ஒரே சொல் அப்படியே திரும்ப வந்தால் ஆங்கிலத்தார் அதை நல்ல ரைமாக மதிப்பதில்லை. இயைபுக்கு அந்தத் தடை கிடையாது.

கேள்வி: ஓரடி 'பட்டு' என்றும் அடுத்த அடி 'பாட்டு' என்றும் தொடங்கினால் எதுகை ஆகுமா?
– வாசகர் ஒருவர், திருநெல்வேலி

பதில்: ஆகாது. இரண்டாம் எழுத்து ஒன்றினால் மட்டும் போதாது. முதலெழுத்துகள் அளவிலும் ஒத்திருக்க வேண்டும். குறிலில் தொடங்கும் 'பட்டு' என்பதற்குக் கட்டு, எட்டு எதுகையாகலாம்; நெடிலில் தொடங்கும் 'பாட்டு' என்பதற்குக் கூட்டு, வேட்டு வேண்டும். எதுகையில் தோற்ற உங்கள் இணை மோனையில் தேறிவிடுகிறது என்பது வேறு விஷயம். இவ்வளவு கண்டிப்பான இலக்கணம் சில இடங்களில் இளகியும் கொடுக்கிறது; அவற்றில் ஒன்று இது. சீவக சிந்தாமணியில் 'காய்மாண்ட' என்று தொடங்கும் அடிக்கு அடுத்த அடி 'பூமாண்ட' என்று தொடங்கும். நடுவில் நிற்கும் யகர ஒற்றைக் கணக்கில் சேர்க்காமல் 'மா' இரண்டும் ஒன்றியதாகக் கொள்வார்கள். ய், ர், ல், ழ் என்ற நான்கு ஒற்றுகளுக்குக் கிடைத்த இந்தச் சலுகைக்கு ஆசிடை எதுகை என்று பெயர்.